அல்-அலமைன்: மணலில் மண்டியிட்ட வீரர்கள்

மிஸ்ரு நாட்டுக்குப் பயணம் செல்வோரில் பலர் கெய்ரோவின் அல்-அஸ்ஹரையும் பிரமிடுகளையும் கண்டதோடு திரும்பிவிடுகின்றனர். உங்களுக்கு ஒரு நாள் மிச்சமிருந்தால், இஸ்கந்தரிய்யாவிலிருந்து கடலோரமாக மேற்கே நூறு கிலோமீட்டருக்குச் சற்று அதிகம் சென்று அல்-அலமைனையும் பார்த்து வாருங்கள். ஒருபுறம் நீலக்கடல், மறுபுறம் கண்ணுக்கெட்டிய தூரம் மணல். அந்த மணலில்தான் 1942-இல் ஜெர்மானியத் தளபதி ரோம்மலின் படை ஏறத்தாழ 5 லட்சம் கண்ணிவெடிகளைப் புதைத்தது. 'சைத்தானின் தோட்டம்' என்பது அதற்கு இடப்பட்ட பெயர்.

அக்டோபர் 23 இரவு, நிலவொளியில், பிரிட்டிஷ் பீரங்கிகள் ஏறத்தாழ 900 ஒருசேர முழங்கின. ஆனால் டாங்கிகள் முன்னேறப் பாதை வேண்டுமே! அதைத் திறக்கச் சென்றவர்கள் 'சேப்பர்' எனப்படும் பொறியியல் படையினர். போலந்து அதிகாரி யூசெஃப் கொசாட்ஸ்கி காப்புரிமை கோராமல் வழங்கிய உலோகங்காட்டும் கருவிகள் சுமார் 500 அவர்களுக்குக் கிடைத்திருந்தன. காதில் ஒலி மாறினால் மண்டியிட வேண்டும். கருவி இல்லாதவர் துப்பாக்கிமுனைக் கத்தியைச் சாய்வாகக் குத்தித் துழாவ வேண்டும். பிறகு விரல்களால் மணலை விலக்கி, அடியில் வேறு பொறி பிணைக்கப்பட்டிருக்கிறதா எனத் தடவிப் பார்த்த பின்னரே வெடியைத் தூக்கலாம்.

டாங்கியைத் தகர்க்கும் பெரிய வெடி மனிதனின் காலடிக்குப் பெரும்பாலும் வெடிக்காது. அதன் அருகே புதைக்கப்பட்ட சிறிய வெடிதான் பொல்லாதது. மிதித்தால் இடுப்பளவு துள்ளியெழுந்து, இரும்புக் குண்டுகளை நாற்புறமும் வாரியிறைக்கும்.

மற்றப் போர்வீரன் ஓடலாம், பதுங்கலாம், திருப்பிச் சுடலாம். குண்டுகள் தலைக்கு மேல் பறக்க, குனிந்து விரல் நடுங்காமல் வேலை செய்தவனுக்கு இம்மூன்றுமே இல்லை. என் பார்வையில் அந்த நிதானத்துக்கு ஈடான துணிவு அரிது. அவனுக்குப் பின்னால் வெண்ணிற நாடா விரிந்தது. அந்த நாடாவை நம்பியே ஒரு படை நகர்ந்தது.

அங்குள்ள காமன்வெல்த் மயானத்தில் 7,240 கல்லறைகள் உள்ளன. தகனம் செய்யப்பட்ட அறுநூறுக்கும் மேற்பட்டோருக்குத் தனி நினைவுச்சின்னமும் உண்டு.

போர் முடிந்தும் வெடிகள் முடியவில்லை. காற்றில் மணல் இடம் மாற, புதைத்த இடங்களும் மறைந்தன. ஆடு மேய்க்கச் சென்ற பதூயின்கள், ரோம்மலின் பெயரைக்கூட அறியாத சிறுவர்கள், கால்களை இழந்தனர், உயிரையும் இழந்தனர். அண்மைக்காலத்தில் எழும்பிய புதிய அலமைன் நகரத்துக்கும் முதலில் வெடிகளை அகற்றியே நிலம் எடுக்க வேண்டியிருந்தது.

செல்லும் வழியில் கம்பிவேலியும் எச்சரிக்கைப் பலகையும் தென்பட்டால், புகைப்படத்துக்காகக்கூடச் சாலையை விட்டு இறங்காதீர்கள்.