எட்டாவது நிறுத்தம்

“டாய்லெட் போகணும்னா இப்பவே இந்த ஓட்டல்ல போயிடுங்க. அடுத்த ரெண்டு மணி நேரத்துக்கு எங்கேயும் கிடையாது.”

பெரம்பூர் பேரக்ஸ் சாலையில் ஞாயிற்றுக்கிழமை காலை ஆறரை மணிக்கு எங்கள் வழிகாட்டி சொன்ன முதல் வார்த்தை இது. நாங்கள் பதினோரு பேர். பெரும்பாலும் அடையாறு, வேளச்சேரி, ஓஎம்ஆர் ஆட்கள். பாதிப் பேருக்கு வடசென்னை என்றால் சினிமாவில் பார்த்ததுதான். ஒருவர் ‘சார்பட்டா பரம்பரை’ ரிங் எங்கே இருந்தது என்று வந்ததும் வராததுமாகக் கேட்டார். அவள் சிரித்துவிட்டு, “அது செட் சார்” என்றாள்.

நான் போனது பழைய மில்லைப் பார்க்க இல்லை. அவளைப் பார்க்கத்தான். தெருவைக் காட்டிப் பிழைப்பது எப்படிப்பட்ட தொழில், அதில் என்ன கைவேலை இருக்கிறது என்று தெரிந்துகொள்ள ஆசை. வாரத்தில் ஐந்து நாள் ஒரு அலுவலகத்தில் கணக்கு பார்க்கிறாள். ஞாயிறு காலை மட்டும் பட்டாளம், ஓட்டேரி வழியாக ஆட்களை நடத்திக் கூட்டிப்போகிறாள். அவளுடைய தாத்தா பின்னி மில்லில் நூற்புப் பிரிவில் இருந்தவர். அவர் சொன்ன கதைகளில் பாதி பொய் என்று நூலகத்தில் உட்கார்ந்து படித்தபிறகுதான் தெரிந்ததாம். “ஆனா பொய்யெல்லாம் நல்லா இருக்கும்.”

கைவேலை இருக்கத்தான் செய்கிறது. அவள் எப்போதும் வெயிலைப் பார்த்து நிற்கிறாள், நமக்கு முதுகில் வெயில். போக்குவரத்துச் சத்தம் எதிரொலிக்காத இடமாகப் பார்த்து நிற்கிறாள். மெட்ரோ ரயிலின் இரண்டாம் கட்ட வேலைக்காகத் தகரத் தடுப்பு அடைத்ததிலிருந்து அப்படிப்பட்ட இடங்கள் வாரத்துக்கு வாரம் மாறுகின்றனவாம். வாசலில் தண்ணீர் தெளித்துக் கோலம் போட்டு முடியாத வீட்டின் முன் நிற்பதில்லை. டீக்கடையில் பதினோரு டீக்கு முதல் நாளே சொல்லிவைக்கிறாள், இல்லாவிட்டால் அங்கே தினமும் குடிக்கிறவர்களுக்குத் தாமதமாகும், அடுத்த வாரம் முறைப்பார்கள். பிளாஸ்டிக் உறை போட்ட பழைய படங்கள் ஒரு துணிப்பையில். ஒவ்வொரு படத்தையும் அது எடுக்கப்பட்ட கோணத்தில் நின்றுதான் காட்டுகிறாள். கையில் படம், எதிரே இன்றைய தெரு. அப்போது பேசுவதே இல்லை. நாற்பதுவரை மனசுக்குள் எண்ணுவாளாம்.

“பேசினா படத்தைப் பாக்க மாட்டாங்க சார். என் மூஞ்சியைப் பாப்பாங்க.”

பட்டாளம் என்ற பேரே படை தங்கியிருந்ததால் வந்தது. பேரக்ஸ் சாலையும் அப்படியே. வெள்ளைக்காரன் சிப்பாய்களைக் குடிவைத்த இடத்துக்குப் பக்கத்தில், அந்தச் சிப்பாய்களுக்கான காக்கித் துணியைப் பிற்பாடு நெய்தது பக்கிங்காம் மில்லும் கர்நாடிக் மில்லும். இரண்டும் பின்னி கம்பெனியின் கையில். சேர்த்து பி அண்ட் சி மில் என்பார்கள், ஊர்வாய்க்கு பின்னி மில். பின்னி காக்கியில் சட்டை தைத்துப் போட்ட போலீஸ்காரர்களையும், அதே துணியில் டவுசர் போட்ட பள்ளிக்கூடப் பிள்ளைகளையும் ஐம்பது வயது தாண்டியவர்கள் எல்லாருக்கும் நினைவிருக்கும். மில் சங்கு ஊதினால் வீட்டில் உலை வைப்பார்கள். 1996இல் கதவடைத்தது. அப்புறம் கொஞ்ச காலம் சினிமாக்காரர்கள் உள்ளே சண்டைக்காட்சி எடுத்தார்கள். இப்போது அங்கே பல மாடிக் குடியிருப்புகள்.

மூன்றாவது நிறுத்தத்தில் ஒரு பெரியவர் எங்களோடு சேர்ந்துகொண்டார். எழுபது தாண்டியிருக்கும். 1972இல் நெசவுப் பிரிவில் சேர்ந்து மில் மூடும்வரை இருந்தவர். ஒவ்வொரு நடைக்கும் அவருக்கு ஒரு தொகை கொடுத்துவிடுகிறாள். முதலில் “கதை சொல்றதுக்குக் காசா?” என்று கோபித்துக்கொண்டாராம். இப்போது பிரஷர் மாத்திரை வாங்க ஆகிறது என்கிறார்.

அவர் பேச ஆரம்பித்ததும் நாங்கள் எல்லாரும் ஒரு அடி பின்னால் நகர்ந்தோம். அவ்வளவு சத்தம்.

“தறி ஷெட்டுல இருந்தவன் குரல்பா இது. வூட்லயும் இப்டித்தான். எங்க வூட்டம்மா ‘ஏன்யா கத்துற’ன்னு நாப்பது வருசம் கேட்டுட்டுப் போய்ச் சேந்துட்டா.”

ஷெட்டுக்குள் வாயசைவைப் பார்த்துத்தான் பேச்சு. நாடா இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் அடிபட்டுப் பாயும். நூற்றுக்கணக்கான தறியில் ஒரே நேரத்தில் பாய்ந்தால் காதுக்கு என்ன மிச்சம்? மேஸ்திரி வருகிறார் என்றால் தோளைத் தொட்டுக் காட்டுவார்கள். அவருக்கு நாலு தறி. பாவில் ஓர் இழை அறுந்தால் தறியை நிறுத்தி, அறுந்த முனையைத் தேடிப் பிடித்து, முடிந்து, விழுதுக் கண்ணில் கோத்து மறுபடி ஓடவிட வேண்டும். தறி நிற்கிற நேரமெல்லாம் கூலியில் குறையும். அதனால் முடிச்சுதான் தொழிலே என்றார். பூக்காரம்மாவிடம் ஒரு முழம் நார் கேட்டு வாங்கி, இரண்டாகக் கிழித்து, கண்ணை மூடிக்கொண்டு முடிந்து காட்டினார். கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் ஒருமுறை உரசினமாதிரித்தான் தெரிந்தது. முடிச்சு விழுந்திருந்தது. இழுத்துப் பார்த்தேன், வரவில்லை. இருபத்தொன்பது வருஷமாக ஒரு தறி முன்னாலும் நிற்காத விரல்கள்.

“துணியில தடவிப் பாத்தா தெரியக்கூடாது. தெரிஞ்சா அது முடிச்சு இல்ல, கட்டி.”

குடியிருப்பின் வாசலுக்கு எதிர்ப்புறம் ஐந்தாவது நிறுத்தம். காவலர் இரண்டு முறை வந்து “நிக்காதீங்க, வண்டி போகணும்” என்றார். வண்டி எதுவும் வரவில்லை. “நான் உள்ள போணும்னா எந்த பிளாட்டுன்னு கேக்குறான்பா. தறி நம்பர் சொன்னா வுடுவானா?” என்றார் பெரியவர். எல்லாரும் சிரித்தோம். என் அக்கா மகள் அந்தக் குடியிருப்பில்தான் பதினோராம் மாடியில் வாடகைக்கு இருக்கிறாள். ஒரு போன் அடித்தால் அவரைக் கூட்டிக்கொண்டு உள்ளே போயிருக்கலாம். நான் அடிக்கவில்லை. ஏன் என்று இதை எழுதும்போதும் எனக்குச் சரியாகச் சொல்லத் தெரியவில்லை. பால்கனியில் நின்று அவர் என்ன பார்ப்பார் என்ற பயமாக இருக்கலாம்.

இந்த இடத்தில்தான் வழிகாட்டி 1918க்குப் போனாள். செல்வபதி செட்டியார், ராமானுஜலு நாயுடு என்று இரண்டு பேர். பக்திச் சொற்பொழிவு நடத்தும் சபை வைத்திருந்தவர்கள். சொற்பொழிவுக்கு வந்த மில் தொழிலாளர்கள் சொன்ன குறையெல்லாம் சாமியைப் பற்றியதாக இல்லை. மதியம் சோறு தின்ன நேரம் போதவில்லை, வெள்ளைக்கார மேலாள் கை நீட்டுகிறான் என்பதாக இருந்தது. அன்னிபெசன்ட் அம்மையாரின் சகாவான பி.பி. வாடியாவையும், பள்ளி வேலையை விட்டு ‘தேசபக்தன்’ பத்திரிகைக்கு வந்திருந்த திரு.வி.க.வையும் அவர்கள் கூட்டிவந்தார்கள். 1918 ஏப்ரல் 27, சென்னைத் தொழிலாளர் சங்கம். இந்தியாவில் முறையாக அமைக்கப்பட்ட முதல் தொழிற்சங்கம் என்று சொல்லப்படுவது இதுதான். 1920இல் கம்பெனி வாடியாமேல் உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, சங்கம் தொழிலாளரை வேலைநிறுத்தத்துக்குத் தூண்டக்கூடாது என்று தடை வாங்கியது. வாடியா சங்கத்தை விட்டு விலகும்படி ஆனது. அந்தத் தடைதான் சங்கங்களுக்குச் சட்டப் பாதுகாப்பு வேண்டும் என்ற பேச்சை நாடெங்கும் கிளப்பி, 1926இன் தொழிற்சங்கச் சட்டத்தில் கொண்டுபோய் விட்டது. தின்பதற்குப் போதாத நேரத்தில் தொடங்கிய சங்கதி இவ்வளவு தூரம் நடந்திருக்கிறது.

அவள் இதைச் சொன்ன விதம் நன்றாக இருந்தது. செட்டியாரை மகானாக்கவில்லை, வாடியாவை வீரனாக்கவில்லை. ஆனால் 1921 வந்ததும் நடை வேகமானது. ஜூனிலிருந்து அக்டோபர்வரை பெரிய வேலைநிறுத்தம், போலீஸ் துப்பாக்கிச் சூடு, ஆகஸ்ட் 29இல் தொழிலாளர் சாவு, கடைசியில் தோல்வி. நாலு வாக்கியம். படம் எதுவும் எடுக்கவில்லை.

அப்போது பெரியவர், எங்கள் கூட்டத்தில் நின்ற ஓர் இளைஞரின் கழுத்தைப் பார்த்துவிட்டார். கறுப்பு மணி கோத்த மாலை.

“இன்னா தம்பி அது?”

“கருங்காலி மாலை அங்கிள். நெகட்டிவ் எனர்ஜிய எடுத்துடும்.”

பெரியவர் தொடையில் தட்டிச் சிரித்தார். அந்தப் பையனுக்குப் புரியவில்லை. இன்று நகைக்கடை முதல் நடைபாதைவரை விற்கிற அந்த மரத்தின் பெயர், இந்தத் தெருக்களில் ஒரு காலத்தில் ஒருவனைச் சொல்லக்கூடிய ஆகக் கெட்ட வார்த்தைகளில் ஒன்று. ஸ்டிரைக் நாளில் வேலைக்குப் போகிறவன் கருங்காலி. கோடரிக்குக் காம்பாகி மற்ற மரங்களை வெட்ட உதவும் மரம் என்பதால் அந்தப் பெயர் என்று விளக்கம் சொல்வார்கள். “கழுத்துல மாட்டிக்கினு கேட்டாண்ட நின்னுருந்தீன்னா தெரிஞ்சிருக்கும்” என்றார்.

ஏழாவது நிறுத்தம் ஓட்டேரி நல்லா. பெயர்தான் நல்லா. கறுப்பாக ஓடுகிற அந்தக் கால்வாயின் பாலத்தில் அவள் கைகூப்பினாள், நடை முடிந்தது, எல்லாரும் கை தட்டினார்கள், செல்ஃபி எடுத்துக்கொண்டு கலைந்தார்கள்.

“அந்தப் பக்கம்?” என்று கேட்டேன். அந்தப் பக்கம் புளியந்தோப்பு.

“ரூட்ல இல்ல சார்.”

“ஏன்?”

கொஞ்ச நேரம் பையை மடித்துக்கொண்டிருந்தாள். “அங்க போனா முன்னாடி சொன்ன கதை கெட்டுப்போயிடும்.”

தெரிந்தே விட்டிருக்கிறாள். 1921இல் சாதி இந்துத் தொழிலாளர்களும் முஸ்லிம் தொழிலாளர்களும் வெளியே வந்தபோது, ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வரவில்லை. அவர்களுடைய தலைவர் எம்.சி. ராஜா வேலையை விட வேண்டாம் என்றார். அடுத்த வேளைக்கு ஒன்றுமில்லாதவர்களிடம் மாதக்கணக்கில் பட்டினி கிடக்கச் சொல்வது எளிதில்லை. கூடச் சேர்ந்து தண்ணீர்கூடக் குடிக்காதவனோடு சேர்ந்து போராடச் சொல்வது அதைவிடக் கடினம். ஜூன் கடைசியில் புளியந்தோப்பில் ஆதிதிராவிடர்களின் குடிசைகள் எரிந்தன. மோதல் மாதக்கணக்கில் நீண்டது. ஆட்சியிலிருந்த நீதிக்கட்சியின் தலைவர்களில் பலர் அரசின் தொழிலாளர் துறை ஆதிதிராவிடர்களுக்குச் செல்லம் கொடுத்ததால் வந்த வினை என்றார்கள். எம்.சி. ராஜா 1923இல் அந்தக் கட்சியை விட்டே விலகினார். கலகக்காரப் பேட்டை என்று நாம் பெருமையாகச் சொல்லிக்கொள்கிற இடத்தில் ஒரு கலகம் இன்னொரு தெருவின் கூரைமேல் விழுந்திருக்கிறது. இதை விட்டுவிட்டுச் சொன்னால் கதை அழகாகத்தான் இருக்கும். எனக்கு அவள்மேல் கோபம் வரவில்லை. அறுந்த இடம் தடவினால் தெரியாதபடி முடிவது அந்த மில்லின் தொழில்தானே.

மூவரும் பாலத்தைத் தாண்டினோம். பெரியவர் அரைமனதாக வந்தார். வாரியக் குடியிருப்புகளுக்கு முன்னால் ஒரு சந்தில், பிளாஸ்டிக் குடங்களை வரிசையாக வைத்துக்கொண்டு ஓர் ஆயா திண்ணையில் உட்கார்ந்திருந்தார். பெரியவரை உடனே அடையாளம் தெரிந்துவிட்டது.

“இன்னா தறிக்காரரே, இந்தாண்டலாம் வரமாட்டியே.”

ஆயாவின் கணவர் அதே ஷெட்டில் இவருக்கு இரண்டு வரிசை தள்ளித் தறி ஓட்டியவர். இருவரும் எழுபதுகளில் ஒரே கேட்டில் ஒன்றாகக் கொடி பிடித்திருக்கிறார்கள். மனிதர் போய்ச் சேர்ந்து ஒன்பது வருஷம். வழிகாட்டிப் பெண் தயங்கித் தயங்கி, பழைய ஸ்டிரைக்கைப் பற்றி வீட்டில் ஏதாவது சொல்லிக் கேட்டதுண்டா என்றாள்.

“எந்த ஸ்டிரைக்கு? குடிசை எரிஞ்சதா?” என்றார் ஆயா. பள்ளிக்கூடத்தில் தேதி சொல்வதுபோல அவ்வளவு சாதாரணமாக. “எங்க தாத்தா பேரே கருங்காலி. அதான் பட்டப்பேரு. அவரு செத்து, எங்க அப்பன் வேலைக்குச் சேந்தப்போ அவரையும் ‘கருங்காலி மவன்’னுதான் கூப்புட்டானுங்க. வேலைக்குப் போனாரு, ஆமா. போவாம? நீ குந்திக்கினு துன்ன உன் வூட்ல ஒரு மூட்டை இருந்துச்சு. எங்க வூட்ல இன்னா இருந்துச்சு?”

‘நீ’ என்றது பெரியவரை. 1921இல் அவர் பிறக்கவே இல்லை. ஆனாலும் அவர் மறுக்கவில்லை. கையில் இன்னும் அந்த நார் இருந்தது. அதை விரலில் சுற்றிக்கொண்டும் அவிழ்த்துக்கொண்டும் நின்றார். பிறகு, “உன் வூட்டுக்காரன் என்னைவிட நல்லா முடிவான்” என்றார். சத்தம் இல்லாமல் அவர் பேசி அப்போதுதான் கேட்டேன்.

“அது தெரியும்” என்றார் ஆயா.

சந்து முனையில் மில் நிலத்துக் கட்டடங்களின் மேல்மாடிகள் தெரிந்தன. மெட்ரோ வந்துவிட்டால் இந்தச் சந்துக்கும் விலை வரும், எங்களைக் கண்ணகி நகர், பெரும்பாக்கம் என்று எங்கேயாவது ஏற்றி அனுப்பிவிடுவார்கள் என்று பக்கத்து வீட்டுக்காரர் ஒருவர் யாரும் கேட்காமலே சொன்னார். அவள் தன் நோட்டில் எதையோ எழுதிக்கொண்டிருந்தாள். எட்டிப் பார்த்தேன். ஏழு வரை எண் போட்டிருந்த பட்டியலின் கீழே 8 என்று எழுதி, எதிரே ஒன்றும் எழுதாமல் விட்டிருந்தாள்.

“ஆயா, அடுத்த ஞாயித்துக்கெழமை ஒரு பத்துப் பேரைக் கூட்டியாந்து இங்க நிக்கலாமா? நீங்க சொன்னதைச் சொல்லணும். இல்ல, நீங்களே சொன்னாலும் சரி.”

ஆயா பெரியவரைப் பார்த்தார். பெரியவர் குடங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“நின்னுக்க. ஆனா எட்டரைக்குத் தண்ணி லாரி வரும். அதுக்கப்பால வா, இல்லன்னா உன் ஆளுங்களையும் கொடம் தூக்கச் சொல்லுவேன்.”