ரவுண்டானாவுல "ஓரமா போ"ன்னு சொல்லாதீங்க

மக்களே, கொஞ்சம் நீளமான த்ரெட் இது. டீ குடிச்சுக்கிட்டே வாசிங்க. வண்டி ஓட்டிக்கிட்டே வாசிக்காதீங்க.

சுகர், பிரஷர், டெங்குன்னு எழுதுற ஆளுக்கு ரவுண்டானாவுல என்ன வேலைன்னு கேப்பீங்க. நியாயமான கேள்விதான். ஆனா ரவுண்டானாவுல நடக்கிறதோட மிச்சம் கேஷுவாலிட்டி ஸ்ட்ரெச்சர்லதான வருது.

போன மார்கழியில ஒரு விடிகாலை. (ஆள் அடையாளம் தெரியாம இருக்க சில விவரங்களை மாத்தியிருக்கேன். எந்த ரவுண்டானான்னும் சொல்லப்போறதில்ல.) ஐம்பது வயசைத் தாண்டின ஒரு தம்பதி, ஸ்கூட்டர்ல கோயிலுக்குக் கிளம்பினவங்க. கணவருக்கு முழங்கையில சிராய்ப்பு மட்டும். மனைவிக்கு இடது கால் முட்டிக்குக் கீழ ரெண்டா முறிஞ்சு, எலும்பு வெளிய தெரியுது. அவங்களைத் தூக்கிட்டு வந்தது யாருன்னா, மோதின டெம்போ வேனை ஓட்டின பையனேதான். இருபத்தி நாலு வயசு இருக்கும். அவன் கையிலயும் கண்ணாடி கிழிச்ச காயம்.

விபத்துன்னு யார் வந்தாலும் நாங்க ஆக்சிடென்ட் ரெஜிஸ்டர் எழுதணும். யார் மேல தப்புன்னு எழுதுற புத்தகம் இல்ல அது. வந்தவர் என்ன சொன்னாரோ அது, உடம்புல என்ன காயமோ அது, அவ்வளவுதான். அன்னிக்கு அடுத்தடுத்த பக்கத்துல நான் எழுதினது இது.

"ரவுண்டானாவிலிருந்து வெளியே வரும்போது இடப்பக்கம் வந்த வேன் மோதியதாகச் சொல்கிறார்."

"ரவுண்டானாவில் ஓரமாகச் சென்றபோது வலப்பக்கமிருந்து ஸ்கூட்டர் குறுக்கே வந்ததாகச் சொல்கிறார்."

ரெண்டு பேரும் பொய் சொல்லல.

அந்தக் காலைப் பத்தி ஒரு நிமிஷம். உங்க முட்டிக்குக் கீழ, முன்பக்கம் கை வச்சுப் பாருங்க. தோலுக்கு அடியில உடனே எலும்பு தட்டுப்படும். பின்னாடி இருக்கிற மாதிரி சதை மெத்தை அங்க கிடையாது. அதனாலதான் அந்த எலும்பு முறிஞ்சா சுலபமா தோலைக் கிழிச்சுக்கிட்டு வெளிய வந்துடுது. வெளிய வந்துட்டா ரோட்டு மண்ணும் கிருமியும் நேரா எலும்புக்கே போகும். சேலை கட்டினவங்க பின்னாடி ஒரு பக்கமா உக்காரும்போது ரெண்டு காலும் வண்டியோட இடப்பக்கம்தான் தொங்கும். இடப்பக்கம் இடிச்சா, வேனுக்கும் ஸ்கூட்டருக்கும் நடுவுல மொதல்ல மாட்டுறது அந்தக் காலுதான்.

காலை நேராக்கி, கட்டை வச்சுக் கட்டி, பாதத்து மேல விரலை வச்சு நாடி தேடினேன். லேசாத் துடிச்சது. ஆன்டிபயாட்டிக், டிடி ஊசி எல்லாம் போட்டு ஆசாரிபள்ளம் மெடிக்கல் காலேஜுக்கு 108-ல அனுப்புற வரைக்கும் அந்த அம்மா கேட்டது ஒரே ஒரு கேள்வி: "அவியளுக்கு ஒண்ணும் இல்லியே டாக்டரே?"

அவர் கேட்டது வேற. "நான் மஸ்கட்ல பதினெட்டு வருசம் வண்டி ஓட்டுனவனாக்கும் சாரே. ரூவியில தெனமும் ரவுண்ட் அபவுட்தான். ஒரு கீறல் கெடையாது. வெளி வட்டத்துல வாறவன் அடுத்த வழியில வெளிய போயிருவான்லா? அவம் ஏன் போவல? தப்பு யார் மேல சாரே?"

எனக்குத் தெரியல.

வெக்கமா இருந்துச்சு. கார் ஓட்ட ஆரம்பிச்சு எத்தனையோ வருஷம் ஆச்சு. நாமெல்லாம் ஆர்டிஓ ஆபீஸ்ல எட்டு போட்டு லைசென்ஸ் வாங்கினவங்க. எட்டு போடத் தெரியும். வட்டம் போட யாரும் சொல்லித் தரல. அன்னிக்கு டூட்டி முடிஞ்சு வீட்டுக்கு வந்து விதிகளை எடுத்து வாசிச்சேன். அதுல புரிஞ்சதைத்தான் கீழ எழுதுறேன்.

நம்ம ஊர் ஆளுங்களுக்கு ரவுண்டானாவை விளக்க ரொம்ப மெனக்கெட வேண்டாம். கோயில் பிரகாரம்தான். சாமி நம்ம வலப்பக்கம் இருக்கணும், அப்படித்தான வலம் வருவோம்? அதே மாதிரி திட்டு எப்பவும் உங்க வலது கைப்பக்கம். மஸ்கட்ல, துபாய்ல ரோட்டோட வலப்பக்கம் ஓட்டுறதால அங்க சுத்து அப்படியே தலைகீழ். ஊருக்கு லீவுல வர்ற அண்ணன்மார், மொத ஒரு வாரம் ரவுண்டானா பக்கம் வரும்போது இதை மனசுக்குள்ள ஒருதரம் சொல்லிக்கிட்டே வாங்க.

யாருக்கு முன்னுரிமை? ஏற்கெனவே உள்ள சுத்திட்டு இருக்கிற வண்டிக்கு. உள்ள நுழையிறவர் காத்திருக்கணும். 2017 ஜூன்ல வந்த மத்திய அரசோட மோட்டார் வாகன ஓட்டுதல் ஒழுங்குமுறைகள்ல இது தெளிவா இருக்கு. நுழையும்போது வலப்பக்கம் பாருங்க. வண்டி வருதா, நில்லுங்க. ஆனா நம்ம ஊர்ல நடக்கிறது என்ன? நுழையிறவர் ஹாரன் அடிச்சுக்கிட்டே மூக்கை நுழைப்பார், உள்ள சுத்துறவர் பிரேக் அடிச்சு வழி விடுவார். அந்த ஒரு ஆள் நின்னதும் அவருக்குப் பின்னாடி வட்டம் முழுக்க நிக்கும்.

நாம மட்டும் இப்படின்னு நினைக்காதீங்க. பிரிட்டன்லயும் ரவுண்டானாக்கள் இப்படித்தான் முட்டிக்கிட்டு நின்னுச்சு. 1966-ல தான் "உள்ள இருக்கிற வண்டிக்கே வழி"ன்னு விதி போட்டாங்க. அதுக்கப்புறம்தான் வட்டம் ஒழுங்கா சுத்த ஆரம்பிச்சுது.

சிக்னலை விட இது எதனால பாதுகாப்பு? நாலு ரோடு கூடுற சாதாரண சந்திப்புல வண்டிகள் ஒண்ணோட ஒண்ணு மோத வாய்ப்புள்ள இடங்கள் 32-ன்னு பொறியாளர்கள் கணக்கு வச்சிருக்காங்க. ஒத்தை வழி ரவுண்டானாவுல அது 8. நேருக்கு நேர் மோதுறதும் குறுக்கால பாஞ்சு இடிக்கிறதும் கிட்டத்தட்ட இல்ல. அதோட வட்டம் வேகத்தைக் குறைக்க வைக்குது. வேகம் 60-ல இருந்து 30 ஆனா மோதலோட சக்தி பாதி ஆகாது, நாலுல ஒண்ணா ஆயிடும். ஒரு டாக்டரா எனக்கு இந்தக் கணக்கு ரொம்பப் பிடிக்கும். மண்டையில வர்ற அடி கையில கால்ல நின்னுடுதுன்னா அது எவ்வளவு பெரிய விஷயம்னு எமர்ஜென்சியில ஒரு ராத்திரி நின்னா தெரியும்.

ஆனா இதெல்லாம் ஒத்தை வழி ரவுண்டானாவுக்கு. ரெண்டு வழி அகலம் வந்துட்டா புதுசா ஒரு ஆபத்து சேருது. நாம எல்லாரும் நுழையிற இடத்தைத்தான் பயந்து பாக்கிறோம். இந்த ஆபத்து இருக்கிறது வெளிய போற வாசல்ல.

நம்ம மகாதானபுரம் ரவுண்டானாவையே எடுத்துக்கோங்க. ஸ்ரீநகர்ல கிளம்புற 44-ஆம் நம்பர் நெடுஞ்சாலை கன்னியாகுமரியில வந்து முடியிற பக்கம், உசரமான தேசியக் கொடிக்கம்பம் நிக்குதே, அதுதான். சபரிமலை சீசன்ல ஆந்திரா வேன், கர்நாடகா பஸ், கேரளா கார், நம்ம ஊர் ஸ்கூட்டர் எல்லாம் ஒரே வட்டத்துல சுத்தும். ராத்திரி பூரா ஓட்டின டிரைவர் சூரிய உதயத்தைப் பிடிக்கணும்னு அவசரத்துல வருவார். கூகுள் அக்கா "ரெண்டாவது வழியில வெளியேறுங்க"ன்னு சொல்லும்போது அவர் ஒண்ணாவதையே எண்ணிட்டிருப்பார்.

இங்க நான் வருஷக்கணக்கா என்ன பண்ணினேன் தெரியுமா? நம்ம வீட்ல எல்லாம் வண்டிச் சாவி எடுத்தாலே அம்மா சொல்ற ஒரே வார்த்தை, "பைய ஓரமா போ மக்கா." நானும் எந்த வழிக்குப் போகணும்னாலும் வெளி ஓரத்தைப் பிடிச்சுக்கிட்டே முழு வட்டமும் சுத்துவேன். நேர் ரோட்ல அம்மா சொன்னது சரிதான். ஆனா ரவுண்டானாவோட வெளி ஓரம் ரோட்டோரம் கிடையாது. அதுல சுத்துற ஆள் ஒவ்வொரு வாசலையும் குறுக்கே கடந்து போறான். உள் வட்டத்துல இருந்து வெளிய வர்றவன் ஒவ்வொருத்தனும் அவன் மேலதான் வரணும். அந்த வேன் பையன் பண்ணினது இதுதான். பயந்து, பத்திரமா, ஓரமாப் போயிருக்கான்.

அப்போ எப்படிப் போகணும்? எந்த வழியில வெளிய போறோம்னு நுழையிறதுக்கு முன்னாடியே முடிவு பண்ணணும். உள்ள போனதுக்கு அப்புறம் யோசிக்க நேரம் கிடையாது. மொத வழியில, அதாவது இடப்பக்கமே திரும்பணும்னா, இடது வழி, இடது இண்டிகேட்டர். நேராப் போகணும்னாலும், போர்டுலயோ ரோட்டுலயோ வேற மாதிரி குறி போட்டிருந்தா ஒழிய, இடது வழியே நல்லது. அதைத் தாண்டி வலப்பக்கம் போறதுக்கோ, வந்த வழியே திரும்புறதுக்கோ வலது இண்டிகேட்டர் போட்டு, திட்டை ஒட்டின உள் வட்டம். உங்க வழிக்கு முந்தின வழியைத் தாண்டினதும் இடது இண்டிகேட்டர். அப்புறம் கண்ணாடியைப் பாருங்க, தலையைத் திருப்பி இடத் தோளுக்கு மேலயும் பாருங்க, இடம் இருந்தா மட்டும் இடப்பக்கம் வந்து வெளிய போங்க.

இடம் இல்லியா? இன்னொரு சுத்து சுத்துங்க. நான் இப்போ அப்படித்தான் பண்றேன். மொத தடவை அம்மா வண்டியில இருந்தாங்க. "என்ன மக்கா, நேர்ச்சையா?"ன்னு கேட்டாங்க. ஒரு நிமிஷம் கூட ஆகல.

பைக்காரங்களுக்கு தனியா ஒண்ணு. பஸ் பக்கத்துல சேர்ந்து சுத்தாதீங்க, அதுவும் அதோட இடப்பக்கம் வேண்டவே வேண்டாம். சுசீந்திரம் தேர் ரதவீதி முக்குல திரும்பும்போது உள்பக்கம் நிக்கிற பயலுகளைப் பெரியவங்க விரட்டுவாங்கல்லா? நீளமான வண்டி திரும்பும்போது முன் சக்கரம் போன தடத்துல பின் சக்கரம் போகாது, உள்பக்கம் அறுத்துக்கிட்டு வரும். பஸ் இடப்பக்கம் வெளிய போகும்போது அந்த உள்பக்கம்தான் நீங்க நிக்கிற இடம். டிரைவருக்கு அங்க கண்ணும் எட்டாது. முன்னாடி போயிடுங்க, இல்லன்னா பின்னாடி நில்லுங்க.

பின்னாடி உக்கார்றவங்களுக்கும் ஹெல்மெட் வேணும். அந்த அம்மா போடல. தலை தப்பினது அவங்க அதிர்ஷ்டம், வேற ஒண்ணும் இல்ல. இன்னொண்ணு, அடிபட்டவங்களுக்கு சோடா, காப்பி எதுவும் குடுக்காதீங்க. மயக்க மருந்து குடுக்கும்போது அது வயித்துல இருந்து ஏறி நுரையீரலுக்குப் போகும். சுத்தமான துணியால காயத்தை மூடி அழுத்துங்க, காலை ஆட்டாம வைங்க, 108 கூப்பிடுங்க. தமிழ்நாட்டு எல்லைக்குள்ள விபத்துன்னா, வெளி மாநிலத்துக்காரரா இருந்தாலும், மொத 48 மணி நேர சிகிச்சைக்கு 2021-ல இருந்து "இன்னுயிர் காப்போம்" திட்டம் இருக்கு. காசை நினைச்சுத் தயங்க வேண்டாம்.

சரி, தப்பு யார் மேல?

ரெண்டு பேரும் வட்டத்துக்கு உள்ள இருந்தவங்க, அதனால நுழையிறவர் நிக்கணும்ங்கிற விதி இங்க உதவாது. வேன் பையன் வெளி வட்டத்துலயே முழுசா சுத்தினது தப்பான பழக்கம். ஆனா தடம் மாறுறவர்தான் இடம் இருக்கான்னு பாத்துட்டு மாறணும். மஸ்கட் அண்ணாச்சி உள் வட்டத்துல வந்தது சரி. இண்டிகேட்டர் போட்டதும் சரி. பக்கத்துல வர்றவன் போயிருவான்னு நம்பி, திரும்பிப் பாக்காம வெளிய வந்தாரு. அந்த ஊர்ல பதினெட்டு வருஷம் அந்த நம்பிக்கை பொய்க்கல. இங்க மூணாவது மாசம் பொய்ச்சுடுச்சு. நீங்க சரியா ஓட்டினா மட்டும் போதாது, பக்கத்து வண்டிக்கும் அதே விதி தெரியணும். தெரியாதுன்னு வச்சுக்கிட்டுத்தான் நாம இங்க ஓட்ட வேண்டியிருக்கு.

நாலு மாசம் கழிச்சு கட்டு மாத்த எங்க ஆஸ்பத்திரிக்கே வந்தாங்க. மெடிக்கல் காலேஜ்ல ரெண்டு ஆபரேஷன் முடிஞ்சு, வெளிக்கம்பியும் எடுத்தாச்சு. கால் தப்பிடுச்சு. வாக்கர் பிடிச்சு நடக்கிறாங்க, நடை கொஞ்சம் சாயுது. அவர் மறுபடியும் அதே கேள்வியைக் கேட்டார். கேஸு போலீஸ், கோர்ட்டுன்னு அது பாட்டுக்குப் போகுது, அதை அவர் கேக்கல.

என்னால வாயால சொல்ல முடியல. ஓ.பி. சீட்டைத் திருப்பிப் போட்டு ஒரு வட்டம் வரைஞ்சேன். உள்ள ஒரு கோடு, நாலு வாசல். வேன் வந்த தடத்தை வரைஞ்சேன். ஸ்கூட்டர் தடத்தைப் பாதி வரைஞ்சு பேனாவை அவர் பக்கம் நகர்த்தினேன். அவர் பேனாவை எடுக்கல. கொஞ்ச நேரம் பாத்துட்டு, உள் வட்டத்துல இருந்து வெளிய திரும்புறதுக்குச் சரியா முந்தின இடத்துல விரலை வச்சாரு.

"இங்கன ஒருக்கா திரும்பிப் பாத்திருக்கணும் சாரே."

நான் ஒண்ணும் சொல்லல. அந்த அம்மாதான் வாக்கரைப் பிடிச்சு எழுந்திரிச்சாங்க. "போட்டும். வாருங்க, பஸ்ஸுக்கு நேரமாச்சு"ன்னாங்க. அவர் அந்த சீட்டை நாலா மடிச்சு சட்டைப் பையில வச்சுக்கிட்டு, அவங்க இடப்பக்கமாப் போய் நின்னுக்கிட்டாரு.