விடை வருமளவும்

என் தமக்கையார் கழுத்திற் கண்ட கட்டியினின்று மருத்துவர் சிறு துணுக்கொன்று கொய்து சோதனைக்கு விடுத்தனர். அதனைப் பார்மலினில் இட்டு, மெழுகிற் பதித்து, மயிரினும் மெல்லிதாகச் சீவிச் சாயமேற்றி, நுண்பெருக்கியில் நோக்கச் சில நாட்களாம். பிராரத்தம் நுகர்ந்தே கழியுமென்று பிறர்க்குப் பன்முறை உரைத்தவன் யான். அவ்வறிவு இரவில் உறக்கந் தருவதாயில்லை. துணுக்கிலுள்ளது கொய்தபோதே உள்ளது, அஞ்சுவதால் மாறாது. இந்நாட்களில் யாம் செய்வதே ஆகாமியம்.

சூலையால் வருந்திய தருமசேனர் திலகவதியார்பால் ஆள்விடுத்து அவன் மீளுமளவுங் காத்திருந்தார். அவ்விடைநேரம் எத்துணை நெடிதென்று இப்பொழுதே உணர்கின்றேன். வந்த விடையோ, அம்மையார் சமணர் பள்ளிக்கு வாரார் என்பது. அதுகேட்டு அயர்ந்தும் எழுந்து, பாயும் பீலியும் ஒழித்து, இரவிலே திருவதிகைக்கு ஏகினார்.

என் தமக்கையாரோ, நாளை விடை வருமென்றறிந்தும், பூக்குடலையுடன் வாயிலில் நின்று, "தம்பீ, கோயிலுக்கு நேரமாயிற்று" என்கின்றார்.