அடுத்த அண்ணன் யாரு?

தாம்பரம் மேற்கில் பஸ் ஏறி, முடிச்சூர், மண்ணிவாக்கம் தாண்டினால் படப்பை. இறங்கியதும் கொஞ்சம் ஏமாற்றமாக இருக்கும். ஜெயதுர்கா பீடத்துக்கு வந்த பக்தர்கள், பரோட்டாக் கடை, கழுத்தில் கம்பெனி அட்டையோடு டீ குடிக்கும் பையன்கள்... அவ்வளவுதான். சினிமாவில் வருகிற மாதிரி அருவாளோடு யாரும் ஓடவில்லை. ஒருத்தர் பேருக்கு முன்னாடி ஒட்டிக்கொண்டதுதான் ஊர் செய்த பாவம். 'படப்பை' குணா 2022 ஜனவரியில் சைதாப்பேட்டை கோர்ட்டில் சரணடைந்தார். டி.வி.க்காரர்கள் புண்ணியத்தில் ஊர் பேர் பட்டிதொட்டியெல்லாம் பரவிவிட்டது!

எல்லாம் எதுக்கு சார்? இதே ரோட்டில் அடுத்து ஒரகடம். தொழிற்சாலைகள் வந்தன, நிலம் தங்கமாச்சு. தகடு வெட்டினால் மிச்சம் விழுமில்லையா, அந்தக் கழிவு இரும்பும் காசுதான். அதை அள்ளுகிற கான்ட்ராக்டுக்குத்தான் மிரட்டல், மாமூல் என்கிறது போலீஸ்.

ரோடு வாலாஜாபாத் வழியாகக் காஞ்சிபுரம் போகிறது. அங்கே ஸ்ரீதர் என்று ஒரு தாதா. சாராயத்தில் ஆரம்பித்து நிலத்துக்கு மாறியவர். வெளிநாட்டுக்குத் தப்பி, 2017 அக்டோபரில் கம்போடியாவில் இறந்துபோனார். விட்டது சனியன் என்று ஊர் நினைத்தது. எங்கே? கூட இருந்த தினேஷும் தணிகாவும் 'அடுத்த அண்ணன் நானா, நீயா' என்று இரண்டு கோஷ்டியாகி, கொலைக்குக் கொலை என்று போனது.

ஒரகடத்துக்கு நிஸானை அனுப்பிய ஜப்பானிலும் இதே கதைதான். கோபே நகரத்து யாமகுச்சி-குமி கும்பலில் சேருவதற்கே சாகே கோப்பை மாற்றிச் சடங்கு உண்டு. நம்மாட்கள் குவார்ட்டரோடு முடித்துக்கொள்வார்கள்! அத்தனை சம்பிரதாயம் இருந்தும், 1981-ல் தலைவர் தாவோகா போனதும் நாற்காலிச் சண்டை. 1984-ல் தகேனகாவைத் தலைவராக்க, பிடிக்காதவர்கள் இச்சிவா-காய் என்று தனிக்கடை போட்டார்கள். 1985 ஜனவரியில் தகேனகாவையே சுட்டுக் கொன்றார்கள். அது ஓய 1989 ஆச்சு. 2015-ல் மறுபடி பிளவு. 2025-ல்தான் 'இனி சண்டை போடமாட்டோம்' என்று போலீஸிடமே எழுதிக் கொடுத்தார்கள். ஜப்பான்காரன் ஜப்பான்காரன்தான்!

டீக்கடையில் பக்கத்தில் நின்ற பையனிடம், "எந்த ஊர் தம்பி?" என்றேன்.

"தாம்பரம் பக்கம்ண்ணே."

"பக்கம்னா?"

கிளாஸைக் கீழே வைத்தான். "இதே ஊருதாண்ணே. இன்டர்வியூல படப்பைன்னு சொன்னேன், 'அவரைத் தெரியுமா'ன்னு கேட்டாங்க. மூணு பேரும் சிரிச்சாங்க. அதுலேர்ந்து தாம்பரம்தான்."

பஸ் வந்தது. ஓடிப்போய் ஏறிக்கொண்டான்.