பக்கத்தில் நின்றவர் யார்?

விளையாட்டு வீரர்களின் கதைகளைத் தேடும் பிள்ளைகள் வெள்ளவத்தையில் என்னிடம் அடிக்கடி வருவார்கள். அநேகமாக ஆம்பிளைப் பிள்ளைகள். "ஐயா, முரளியைப் பற்றி ஏதும் இருக்கோ?" என்று கேட்பார்கள். வாங்கிப் போன புத்தகத்தைத் திருப்பித் தர வரும்போது எத்தனை விக்கெட், எத்தனை சதம், எந்த மைதானம் என்று கடகடவென ஒப்பிப்பார்கள். கெட்டிக்காரப் பிள்ளைகள்தான். நான் கேட்பது வேறு. அந்த ஆள் கஷ்டப்பட்ட நாளில் பக்கத்தில் நின்றது யார்? தோற்ற அன்று இரவு அவர் என்ன செய்தார்? வீட்டில் இருந்தவர்களுக்கு அவர் எப்படிப்பட்டவர்? இவற்றை மனதில் வைத்துக்கொண்டு வாசித்துப் பாருங்கள். ஆம்பிளை என்பவன் யார் என்று உங்கள் வயதில் எல்லோருக்கும் ஒரு குழப்பம் இருக்கும். அதற்கு ஓட்ட எண்ணிக்கையில் பதில் கிடையாது.

தமிழில் தொடங்குவதென்றால் சி.சு. செல்லப்பாவின் 'வாடிவாசல்' போதும். சின்னப் புத்தகம், ஒரே இருப்பில் முடித்துவிடலாம். தன் தகப்பனைக் கொன்ற காரி என்ற காளையை அடக்க வருகிறான் பிச்சி. கூடவே மச்சான் மருதன். காளை சமீன்தாருடையது. பிச்சி காரியைப் பிடித்து நிறுத்திவிடுகிறான். அதன் பிறகு நடப்பதைத்தான் பிள்ளைகள் அவசரத்தில் தாண்டிப் போய்விடுகிறார்கள். சமீன்தார் துப்பாக்கியை எடுத்துத் தன் காளையைத் தானே சுட்டுவிடுகிறார். அது தோற்றுவிட்டதாம்! ஆசையாய் வளர்த்த வாயில்லாச் சீவனை, ஊர் முன்னால் தன் பெயர் இறங்கிவிட்டதென்று கொன்றுவிடுகிறார். முதல் வாசிப்பில் பிச்சியைப் பாருங்கள், தப்பில்லை. இரண்டாம் முறை வாசிக்கும்போது மருதனைப் பாருங்கள். பெயர் வாங்கப்போவது தான் இல்லை என்று தெரிந்தும் உயிரைக் கொடுத்துக் கூட நிற்கிறவன் அவன். பிறகு சமீன்தாரைப் பாருங்கள். தோல்வியைத் தாங்கத் தெரியாத ஆம்பிளைத்தனம் எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு அவரை விடப் பொருத்தமான ஆள் தமிழ்க் கதைகளில் எனக்குத் தெரிந்து இல்லை.

இனி பிள்ளைகள் கேட்கும் முரளிக்கு, இலங்கையின் சுழற்பந்து வீச்சாளர் முத்தையா முரளிதரனுக்கு வருவோம். 1995 டிசம்பர் 26. மெல்பேர்ண் மைதானத்தில் ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்ட சனம். பந்துவீச்சாளரின் பக்கம் நின்ற நடுவர் டெரல் ஹெயார், முரளியின் கை மடங்கி நிமிர்கிறது என்று ஏழு தடவை நோ போல் கொடுத்தார். முரளிக்கு அப்போது 23 வயது. கண்டியில் பிஸ்கட் தொழிற்சாலை வைத்திருந்த குடும்பத்துப் பிள்ளை. 1977 கலவரத்தில் அந்தத் தொழிற்சாலை எரிக்கப்பட்டபோது ஐந்து வயது. இப்போது உலகம் பார்த்திருக்க, நீ செய்வது பந்துவீச்சே இல்லை என்று அவருக்குச் சொல்லப்படுகிறது. அணித்தலைவர் அர்ஜுன ரணதுங்க அவரைக் கைவிடவில்லை. பந்துவீசும் முனையை மாற்றினார், தொடர்ந்து வீச வைத்தார்.

1999 ஜனவரி 23, அடிலெய்ட். இந்தத் தடவை நடுவர் ரொஸ் எமர்சன். மறுபடியும் நோ போல். ரணதுங்க நடுவரிடம் போய் விரலை நீட்டி வாதாடினார். பிறகு முழு அணியையும் கூட்டிக்கொண்டு எல்லைக்கோட்டு ஓரத்துக்குப் போய்விட்டார். ஆட்டம் நின்றது. பேச்சுவார்த்தை நடந்தது, பிறகு தொடர்ந்தது. 303 ஓட்டங்களைத் துரத்திய இலங்கை ஒரே ஒரு விக்கெட் மீதமிருக்க வென்றது. இளம் மஹேல ஜயவர்தன 120 அடித்தார். ரணதுங்கவுக்கு அபராதம் விதிக்கப்பட்டது, ஆறு போட்டிகளுக்கான ஒத்திவைக்கப்பட்ட தடையும் வந்தது.

விரலை ஆட்டிய அந்தப் படத்தைத்தான் எல்லோரும் ஞாபகம் வைத்திருக்கிறார்கள். நடுவரோடு அப்படி மல்லுக்கு நிற்பது விளையாட்டு ஒழுக்கமா என்று கேட்டால், இல்லை என்றே சொல்வேன். உங்கள் பள்ளிக்கூட மைதானத்தில் அதைச் செய்யாதீர்கள். ஆனாலும் அவர் பதவியையும் பெயரையும் பணயம் வைத்தது தனக்காக இல்லை. வடக்கில் போர் உக்கிரமாக நடந்துகொண்டிருந்த காலம் அது. கொழும்பில் தமிழன் அடையாள அட்டை இல்லாமல் தெருவில் இறங்க முடியாத காலம். அந்தக் காலத்தில் ஒரு சிங்களத் தலைவர் ஒரு தமிழ்ப் பொடியனுக்காக உலகத்தின் முன்னால் நின்றார். அதனால் நாட்டின் காயம் ஆறிவிட்டது என்று நான் சொல்ல வரவில்லை. ஆறவில்லை, நமக்குத் தெரியும். ஆனாலும் ஒரு மனிதன் இன்னொரு மனிதனுக்காக நின்றது நின்றதுதான். அதைக் குறைத்துச் சொல்வதும் அநியாயம்.

முரளி தன் பங்குக்குச் செய்த ஒன்றும் உண்டு. 2010இல் 792 டெஸ்ட் விக்கெட்டுகளோடு இருந்தவர், இந்தியாவுக்கெதிராகக் காலியில் நடக்கும் முதல் போட்டியோடு விலகுகிறேன் என்று முன்கூட்டியே அறிவித்துவிட்டார். 800க்கு இன்னும் எட்டு தேவை. இன்னும் ஒரு தொடர் ஆடியிருந்தால் எண்ணிக்கை தானாகவே வந்திருக்கும். அவர் அப்படிக் காத்திருக்கவில்லை. ஜூலை 22 அன்று இந்தியாவின் கடைசி ஆட்டக்காரர் பிரக்யான் ஓஜாவை வீழ்த்தி 800ஐத் தொட்டார். பிடி எடுத்தது யார்? அதே மஹேல. முரளியின் பந்தில் மஹேல எடுத்த பிடிகள் டெஸ்டில் மாத்திரம் 77. வேறெந்தப் பந்துவீச்சாளருக்கும் களத்தடுப்பாளருக்கும் அவ்வளவு இல்லை. ஓட்டப் பதிவேட்டில் சிநேகிதம் என்று ஒரு நிரல் இருந்தால் அதில் முதலில் எழுத வேண்டியது இந்த 77ஐத்தான்.

இலங்கை அணியின் குமார் சங்கக்கார 2011இல் லோர்ட்ஸில் நிகழ்த்திய கவ்ட்ரி உரையையும் தேடி வாசியுங்கள். 1983 யூலைக் கலவரத்தில் கண்டியிலிருந்த தங்கள் வீட்டில் தகப்பனார் தமிழர் 35 பேருக்கு அடைக்கலம் கொடுத்ததை அதில் சொல்கிறார். அவர் அப்போது ஐந்து வயதுப் பிள்ளை. வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் அந்த யூலையில் எந்தக் கதவு திறந்தது, எந்தக் கதவு சாத்திக்கொண்டது என்பதை என் தலைமுறை மறக்காது. கதவைத் திறந்தவர்களில் பயில்வான் யாரும் இல்லை. கண்ணாடி போட்ட ஆசிரியர்கள், லிகிதர்கள், நோஞ்சான் உடம்புக்காரர்கள். வாசலில் நின்று 'இங்கே யாரும் இல்லை' என்று சொல்ல வேண்டிய துணிவுக்கும் தசைக்கும் சம்பந்தமில்லை.

எதிர்ப்பக்கத்தையும் படிக்க வேண்டும். மகாதேவன் சதாசிவத்தின் ஆட்டத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் கொழும்பு முதியவர்கள் நிறுத்த மாட்டார்கள். தமிழ் யூனியன் கழகத்துக்காக ஆடியவர். 1947இல் சேப்பாக்கத்தில் தென்னிந்திய அணிக்கெதிராக 215. 1948இல் பிரட்மனின் அணி கொழும்பில் ஆடியபோது இலங்கையின் தலைவர். 1951 ஒக்டோபரில் பம்பலப்பிட்டி வீட்டில் அவருடைய மனைவி கொலையுண்டு கிடந்தார். சதாசிவம் கைதானார். கொல்வின் ஆர். டி சில்வா அவருக்காக வாதாடினார். 1953இல் யூரிகள் அவர் குற்றவாளி அல்ல என்று தீர்ப்பளித்தார்கள். பேராசிரியர் ரவீந்திர பெர்னாண்டோ இந்த வழக்கை ஒரு முழு நூலாகவே எழுதியிருக்கிறார். நீதிமன்றம் விடுவித்தவரை நான் மறுபடி விசாரிக்கப் போவதில்லை. என் மனத்தாங்கல் வேறு. அந்தக் கதையைச் சொல்கிறவர்கள் துடுப்பாட்டத்தின் அழகைச் சொல்வார்கள், வக்கீலின் சாமர்த்தியத்தைச் சொல்வார்கள். விவாகரத்துக்கு வழக்குப் போட்டிருந்த அந்தப் பெண் யார், என்ன பட்டார், நான்கு பெண் பிள்ளைகள் தாயில்லாமல் எப்படி வளர்ந்தார்கள் என்று ஒருவரும் வாய் திறப்பதில்லை. பரிபூரணம் என்ற அவருடைய பெயர்கூடப் பலருக்குத் தெரியாது. மைதானத்தில் அழகாக ஆடினவர் வீட்டிலும் அழகாக நடந்திருப்பார் என்று நினைத்துக்கொள்வது நம்முடைய பழைய பழக்கம். நீங்களாவது அதை விடுங்கள்.

கொஞ்சம் வளர்ந்த பிள்ளைகளுக்கு ஷெஹான் கருணாதிலகவின் 'சைனாமன்' நாவலைச் சொல்வேன். 2012இல் பொதுநலவாய நூல் பரிசு பெற்றது. பிரதீப் மத்தியூ என்ற, காணாமற்போன ஒரு சுழற்பந்து வீச்சாளனைத் தேடுகிறார் ஓய்வுபெற்ற விளையாட்டுப் பத்திரிகையாளர் ஒருவர். மத்தியூ கற்பனை ஆள், தமிழ்த் தகப்பனுக்குப் பிறந்தவன். பத்திரிகையாளரின் ஈரல் குடித்துக் குடித்துக் கெட்டுப்போய்விட்டது, நாட்கள் அதிகம் இல்லை. கூடவே அலைகிறவர் பக்கத்து வீட்டுச் சிநேகிதர், கணித வாத்தியார். இரண்டு கிழவர்களும் பக்கத்துக்குப் பக்கம் சண்டை பிடிக்கிறார்கள். 'நீ இல்லாமல் என்னால் முடியாது' என்ற ஒரு வரியை மட்டும் இருவருமே சொல்வதில்லை. எல்லா வீரனின் சராசரியும் மனப்பாடமாக வைத்திருக்கும் அந்த மனிதருக்குத் தன் சொந்த மகனின் மனதில் என்ன இருக்கிறது என்று தெரியாது. மகனுக்குக் கார்ஃபீல்ட் சோபர்ஸின் பெயரை வைத்தார், அவனோடு கதைக்கத் தெரியவில்லை. இதை வாசித்தபோது எங்கள் தகப்பன்மாரும் எங்கள் சிநேகிதர்களும் வரிசையாக எனக்கு ஞாபகம் வந்தார்கள். அன்பைச் சொல்வதற்கு ஒரு போத்தலை நடுவில் வைக்க வேண்டியிருந்த தலைமுறை அது. எத்தனை நல்ல மனிதர்கள் அப்படியே போய்விட்டார்கள்! தம்பிமாரே, சிநேகிதனிடம் அன்பாய்ப் பேசுவதற்குக் குடி தேவையில்லை. வெறும் தேத்தண்ணி போதும்.

சொல்ல முடியாமல் உள்ளே வைத்து அழுந்துவது வெள்ளைக்காரருக்கும் உண்டு. இங்கிலாந்தின் ஆரம்ப ஆட்டக்காரர் மார்கஸ் ட்ரெஸ்கொதிக் 2006இல் இந்தியச் சுற்றுப்பயணத்தை விட்டுவிட்டு வீடு திரும்பினார், அதே வருடம் அவுஸ்திரேலியாவிலிருந்தும் திரும்பினார். முதலில் வேறு காரணங்கள் சொல்லப்பட்டன. மனச்சோர்வு நோய்தான் என்று 2008இல் தன்வரலாறு எழுதியபோது எல்லாவற்றையும் திறந்து வைத்தார். மிகவேகப் பந்தைத் தலைக்கு நேரே சந்தித்தவர், 'எனக்கு ஏலாமல் இருக்கிறது' என்று எழுதுவதற்கு அதை விட அதிகத் தைரியம் வேண்டியிருந்தது. உங்கள் கூட்டத்தில் ஒருவன் சில நாளாக விளையாட வராமல் இருந்தால் 'பயந்தாங்கொள்ளி' என்று கத்தாதீர்கள். வீட்டுக்குப் போய்ப் பாருங்கள்.

தங்கச்சி ஒருத்தி ஒருநாள் கேட்டாள்: "ஏன் ஐயா, இந்தக் கதையளிலை பொம்பிளையள் எல்லாரும் வீட்டிலை காத்துக்கொண்டே இருக்கினம்?" சரியான கேள்வி. அவளுக்கு நான் தர்ஜினி சிவலிங்கத்தைப் பற்றிச் சொன்னேன். யாழ்ப்பாணத்திலிருந்து வந்து இலங்கை வலைப்பந்தாட்ட அணியின் கோல் வாசலில் நின்றவர். உயரம் 6 அடி 10 அங்குலம். 2009இலும் 2018இலும் இலங்கை ஆசியக் கிண்ணத்தை வென்றபோது பந்து அவர் கைக்குத்தான் போனது. பள்ளி நாட்களில் அந்த உயரத்துக்காகவே கேலிக்கு ஆளானவர். இதைப் பெண் பிள்ளைகளுக்கு மட்டும் சொன்னால் பாதி வேலைதான் நடக்கும். உயரமான பெண்ணைப் பார்த்து ஒழுங்கையில் சிரிக்கிற பொடியன்கள்தான் தர்ஜினியைப் பற்றி முதலில் வாசிக்க வேண்டியவர்கள். அதேபோலத் தங்கச்சிமார் 'வாடிவாசல்' வாசிக்க வேண்டும். ஆம்பிளையின் வீம்பு எங்கே தொடங்குகிறது என்று தெரிந்திருப்பது அவர்களுக்கும் நல்லது.

உங்களிடம் ஒரு வேலை ஒப்படைக்க விரும்புகிறேன். 1958 மே மாதக் கடைசியில் டோக்கியோ ஆசிய விளையாட்டு விழாவில் நாகலிங்கம் எதிர்வீரசிங்கம் 2.03 மீற்றர் உயரம் பாய்ந்து, இலங்கைக்கு ஆசிய விளையாட்டில் முதல் தங்கத்தைக் கொண்டுவந்தார். அதே நாட்களில்தான் இங்கே தமிழர் வீடுகள் எரிந்துகொண்டிருந்தன. யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் அவருக்குக் கம்பத்தை உயர்த்திக் கொடுத்த தோழர்கள் யார், வென்ற செய்தி எந்த நிலைமையில் அவர்கள் காதில் விழுந்தது? கொட்டாஞ்சேனையில் வெறுங்காலோடு உதைபந்து ஆடிய உங்கள் தாத்தாமார் யாரை நம்பிப் பந்தைக் கடத்தினார்கள்? உங்கள் அம்மம்மா பள்ளிக்கூடத்தில் ஓடிய ஓட்டத்தை நிறுத்தச் சொன்னது யார்? இவற்றுக்குப் பதில் தெரிந்தவர்கள் சிலர் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். ஒரு கொப்பியை எடுத்துக்கொண்டு போய்க் கேட்டு எழுதுங்கள். எழுதியதை வெள்ளவத்தை 57ஆம் ஒழுங்கையில் உள்ள தமிழ்ச் சங்க நூலகத்தில் கொண்டுபோய்க் கொடுங்கள். இந்த வருடமே தொடங்குங்கள், பிள்ளைகளே. அவர்களுக்கு வயது போய்க்கொண்டிருக்கிறது.