மேற்கிலிருந்து வந்த புயல்

போன மாரியில் ஓர் இரவு காற்றும் மழையுமாக மின்சாரம் நின்றுவிட்டது. குப்பி விளக்கைக் கொளுத்தி வைத்துவிட்டு நானும் மகளும் பாயில் இருந்தோம். அவள் ஆங்கிலக் கதைப் புத்தகங்கள் வாசிப்பவள். "அம்மா, ஒரு புயலின்ர கதை சொல்லட்டா?" என்று கேட்டாள். "நாங்கள் காணாத புயலோ?" என்று சிரித்தேன்.

கதையை எழுதியவர் பிரண்டன் சாண்டர்சன் என்ற அமெரிக்கர். முதற் புத்தகம் 2010 இலும் ஐந்தாவது 2024 இலும் வெளிவந்தன. றோஷார் என்பது அவருடைய கற்பனை உலகம். அங்கே சில நாட்களுக்கு ஒரு தடவை கிழக்கிலிருந்து பெரும் புயல் எழுந்து மேற்கே போகும். கற்பாறைகளையும் தூக்கி எறியும். அது மாயப் புயல். அங்கே காசு என்பது இரத்தினத் துண்டு வைத்த கண்ணாடி மணி. அதைப் புயலில் வெளியே வைத்தால் ஒளி ஏறிவிடும். வீட்டுக்கு விளக்கும் அதுதான்.

மாயத்தைவிட அந்தச் சனங்களின் சீவியம்தான் என் மனதில் பதிந்தது. அங்குள்ள புல், தொட்டாற்சுருங்கி போலப் பயந்து கல்லில் உள்ள துளைக்குள் இறங்கிவிடும். வீடுகளுக்குக் கிழக்குப் பக்கம் யன்னல் இருக்காது. புயல் எப்போது வரும் என்று கணக்குப் பார்த்துச் சொல்வதற்கும் ஆட்கள் உண்டு.

"ஏனம்மா கதைக்காமல் இருக்கிறீங்கள்?" என்றாள். "எங்கட பங்கரை நினைச்சன்" என்றேன். செல் எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது என்று சத்தத்தை வைத்தே அறிந்தவர்கள் நாங்கள். எந்த நேரத்தில் ஓடுவது, எங்கே குனிவது, யாரிடம் வாயைத் திறக்கக் கூடாது என்பதெல்லாம் பழகிப் போயிருந்தது. அந்தப் பழக்கம்தான் எங்களைக் காப்பாற்றியது.

மகள் கதையைத் தொடர்ந்தாள். 2014 இல் வந்த இரண்டாம் புத்தகத்தின் முடிவில் வேறொரு புயல் எழுகிறது. அதன் மின்னல் சிவப்பு. அது மேற்கிலிருந்து வருகிறது. யன்னலும் வாசலும் வைத்திருந்த பக்கத்தில் வந்து அடிக்கிறது. பிறகு அதுவும் திரும்பத் திரும்ப வருகிறது. அந்தச் சனங்கள் வீட்டைப் பிழையாகக் கட்டவில்லை. பழைய புயலுக்கு ஏற்றபடிதான் கட்டியிருந்தார்கள்.

எனக்கு நெஞ்சு அடைத்தது. 2010 இல் மீளக்குடியேறிய நாளிலிருந்து அடையாள அட்டையும் பிறப்புச் சான்றிதழும் வைத்த பை கதவடியில் ஆயத்தமாக இருக்கிறது. ஆனால் 2016 இல் எனக்குத் துன்பம் முன்வாசலால்தான் வந்தது. கதிரையில் இருந்து, "அக்கா" என்று அன்பாகக் கதைத்தது. கோழி வளர்க்க நுண்கடன் எடுத்தேன். கோழிகள் நோயில் செத்துப் போயின. அந்தக் கடனைக் கட்ட இன்னொரு கடன் எடுத்தேன். கிழமை தவறாமல் அதே நாளில் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்கும். நான் வேலிக்குப் பின்னால் ஒளிந்துகொள்வேன். ஒருவருக்கும் சொல்லவில்லை. சண்டைக் காலத்தில் என்னைக் காத்த அதே மௌனம் இப்போது என்னை விழுங்கத் தொடங்கியது.

"இன்னும் ஒண்டு இருக்கு அம்மா" என்றாள் மகள். அந்த உலகத்தின் பல நாடுகளில் வாசிப்பும் எழுத்தும் பெண்களின் வேலை. ஆண்கள் எழுத்துப் படிப்பதில்லை. மாயப் பேனாக்கள் சோடியாக உண்டு. ஒன்றால் எழுதினால் தூர ஊரில் மற்றது தானாக அதையே எழுதும். மேற்குப் புயல் பற்றிய எச்சரிக்கை அந்தப் பேனாக்களால், பெண்களின் கையால்தான் போனது.

எங்களிடம் மாயப் பேனா இல்லை. ஒரு நாள் கிணற்றடியில் பக்கத்து வீட்டு அக்கா, தானும் அதே நாளில் ஒளிவதாகச் சொன்னா. பிறகு நாங்கள் நாலு பேர் ஒரு பாடசாலைக் கொப்பியில் எடுத்த காசு, கட்டிய காசு, மிச்சம் எல்லாவற்றையும் எழுதினோம். கடன் மறைந்து போகவில்லை. ஆனால் தவணை கேட்டு வந்தவர் அதன் பிறகு நாலு பேரோடு சேர்த்துத்தான் கதைக்க வேண்டியிருந்தது. பழைய கடனுக்காகப் புதுக் கடன் எடுப்பதை நிறுத்தினோம். கட்டி முடிக்க மூன்று வருடம் சென்றது.

இதையெல்லாம் மகளுக்கு அன்றுதான் முதன்முதல் சொன்னேன். அவள் விளக்குத் திரியைத் தூண்டிவிட்டாள்.

"எனக்குத் தெரியும் அம்மா. படலையில நிண்டு 'அம்மா வீட்டில இல்லை' எண்டு சொன்னது நான்தானே. அப்ப எனக்குப் பத்து வயசு."

அவளுக்கு ஒன்றும் தெரியாது என்றுதான் இத்தனை வருடமும் நினைத்திருந்தேன். வெளியே மழை விடவில்லை. நாங்கள் விடியும்வரை கதைத்துக்கொண்டிருந்தோம்.

சகோதரிகளே, அந்தப் பை இன்னும் கதவடியில்தான் இருக்கிறது. அதை எடுத்து வைக்க எனக்கு மனம் வரவில்லை. இப்போது அதற்குள் அந்தக் கொப்பியும் இருக்கிறது.