திட்டத்தின் பெயர் ராமாமிர்தம்

எங்கள் ஒன்றிய அலுவலகச் சுவரில் ஒரு நீலப் பலகை இருந்தது. சமூக நலத் துறையின் உதவித் திட்டங்களை அதில் வரிசையாக எழுதியிருந்தார்கள். ஏழைப் பெண்களின் திருமணத்துக்கு மூவலூர் ராமாமிர்தம் அம்மையார். விதவையரின் மகள் திருமணத்துக்கு ஈ.வெ.ரா. மணியம்மையார். விதவை மறுமணத்துக்கு டாக்டர் தருமாம்பாள் அம்மையார். கலப்புத் திருமணத்துக்கு டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. ஆதரவற்ற பெண்களுக்கு அன்னை தெரசா. கடைசியாக, இலவசத் தையல் இயந்திரத்துக்கு சத்தியவாணி முத்து அம்மையார். காவிரியின் கடைமடையில் ஊர்நல அலுவலராக நான் வேலை பார்த்த காலமெல்லாம் இந்தப் பெயர்களைத்தான் படிவத்திலும் பதிவேட்டிலும் எழுதிக்கொண்டிருந்தேன்.

மகளின் கல்யாணத்துக்கு மனு கொடுக்க வந்த ஒரு தாய், படிவத்தின் தலைப்பை எழுத்துக் கூட்டி வாசித்துவிட்டு நிமிர்ந்தார்.

"ஏம்மா, இந்த ராமாமிர்தம் யாரு? நம்ம எம்.எல்.ஏ.வோட அம்மாவா?"

"இல்லைங்க. மூவலூர்க்காரங்க. இந்தா, மாயவரத்துக்குப் பக்கத்துல."

"பெரிய பணக்காரங்களோ? இத்தனை பேருக்குக் குடுக்குறாங்களே."

"பணம் கவர்மென்ட் பணம்தான். அவங்க இந்தியை எதிர்த்து ஜெயிலுக்குப் போனவங்க."

அவர் கொஞ்சம் யோசித்தார். "ஜெயிலுக்குப் போனதுக்கா தாலிக்குத் தங்கம் தர்றாங்க?"

பதில் சொல்ல எனக்குத் தெரியவில்லை. துறைப் பயிற்சிகளில் தகுதி, வருமான வரம்பு, இணைக்க வேண்டிய சான்றுகள் எல்லாம் சொல்லித் தருவார்கள். திட்டத்துக்குப் பெயர் தந்தவர் என்ன சொன்னார் என்பது பாடத்தில் கிடையாது. அந்த வாரம் கிளை நூலகத்தில் பா.ஜீவசுந்தரி எழுதிய ராமாமிர்தம் அம்மையாரின் வாழ்க்கை வரலாறு கிடைத்தது. பிறகு அம்மையாரே 1936-இல் எழுதி வெளியிட்ட நாவலின் மறுபதிப்பும் கிடைத்தது. 'தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர்' என்பது அதன் பெயர்.

1883-இல் பிறந்தவர். பெற்றவர்களின் வறுமையால் சிறுவயதிலேயே ஒரு தேவதாசி வீட்டில் பத்து ரூபாய்க்கும் ஒரு பழைய புடவைக்கும் விடப்பட்டவர். கோயிலுக்குப் பொட்டுக்கட்டும் வாழ்க்கையை மறுத்து, தனக்குப் பாட்டுச் சொல்லிக்கொடுத்த சுயம்பு பிள்ளையை மணந்துகொண்டார். காங்கிரசில் இருந்தார். 1925-இல் காஞ்சிபுரம் மாநாட்டில் வகுப்புவாரிப் பிரதிநிதித்துவத் தீர்மானத்துக்கு இடம் தரப்படாமல் பெரியார் வெளியேறியபோது இவரும் வெளியேறினார். 1938-இல், 55 வயதில், இந்தித் திணிப்பை எதிர்த்துத் திருச்சியிலிருந்து சென்னைக்கு நடந்த தமிழர் படையோடு நடந்தார். அதே ஆண்டு நவம்பரில் மறியல் செய்து ஆறு வாரம் சிறைக்குப் போனார். உடன் போனவர்களில் பலகையில் இருந்த தருமாம்பாளும் ஒருவர். ஈ.வெ.ரா.வைப் 'பெரியார்' என்று அழைக்க வேண்டும் எனத் தீர்மானம் போட்டது, அந்த மறியலுக்கு முந்தைய நாள் நீலாம்பிகை அம்மையார் தலைமையில் கூடிய பெண்கள் மாநாடு.

இதைப் படித்த பிறகுதான் அந்தத் தாயின் கேள்வி எவ்வளவு கூர்மையானது என்று புரிந்தது. பெரியாரின் சுயமரியாதை இயக்கத்துக்காரர்கள் தாலியைப் பெண்ணடிமையின் சின்னம் என்று மேடை போட்டுப் பேசியவர்கள். 1967-இல் அண்ணா ஆட்சியில் வந்த சட்டத்திருத்தம், மாலை மாற்றினாலோ மோதிரம் அணிவித்தாலோ அது செல்லுபடியாகும் திருமணம்தான் என்றது. அந்த இயக்கத்தின் மூத்த பெண்ணின் பெயரில் 1989-இல் 5,000 ரூபாயோடு தொடங்கிய திருமண உதவியில், 2011-இல் தாலிக்கு 4 கிராம் தங்கம் சேர்ந்தது. 2016-இல் அது 8 கிராம் ஆனது. ஊர்ப்பக்கம் திட்டத்தின் முழுப் பெயரைச் சொல்ல யாருக்கும் பொறுமை இருந்ததில்லை. 'தாலிக்குத் தங்கம் வந்துருச்சா?' என்றுதான் கேட்பார்கள். பெயர் ராமாமிர்தத்தின் பெயர். கையில் கொடுத்ததோ அவருடைய இயக்கம் கழற்றச் சொன்ன தாலிக்கான தங்கம்.

திட்டத்தைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. அதன் பலனை நேரில் பார்த்தவள் நான். பத்தாம் வகுப்பு வரை படித்திருந்தால் 25,000, பட்டமோ பட்டயமோ இருந்தால் 50,000 என்று விதி இருந்ததால், 'இன்னும் ஒரு வருஷம் போகட்டும்' என்று மகளைப் பள்ளிக்கூடத்தில் நிறுத்திவைத்த வீடுகள் உண்டு. எனக்கு உறுத்தியது வேறு. ஒருவரைப் போற்றுகிறோம் என்ற பெயரிலேயே அவர் சொன்னதை முழுதாக மறைத்துவிட முடிகிறதே, அதுதான்.

இது எப்படி நடக்கிறது என்பதை நான் வேறோர் இடத்தில், என் சொந்த வேலையில் கண்டேன். வருமானச் சான்றுக்காகப் பெண்கள் தாலுகா ஆபீசுக்கும் வி.ஏ.ஓ.வுக்குமாக அலைவார்கள். ஒருநாள் கூலியை விட்டுவிட்டு வந்து, கையெழுத்துப் போடுகிறவர் இல்லையென்று திரும்பிப் போவார்கள். முகூர்த்த மாதங்களுக்கு முன்னால் வி.ஏ.ஓ.வும் வருவாய் ஆய்வாளரும் எங்களோடு ஒரே இடத்தில் உட்காரும்படி முகாம் போட்டால் என்ன என்று ஆய்வுக் கூட்டத்தில் கேட்டேன். ஏன் போட வேண்டும், எந்த மாதம், யார் யார் வர வேண்டும் என்பதையும் சொன்னேன். கூட்ட நடவடிக்கைக் குறிப்பு வந்தது. பெண்கள் அலைகிறார்கள் என்பது என் பெயரில், 'கள நிலவரம்' என்ற தலைப்பின் கீழ் இருந்தது. முகாம் யோசனை அதற்கடுத்த பத்தியில், மேலதிகாரி ஒருவரின் பெயரில் இருந்தது. அவர் திருடிவிட்டார் என்றும் சொல்ல முடியாது. குறிப்பு எழுதியவருக்கு அப்படித்தான் காதில் விழுந்திருக்கிறது. நான் பேசினால் தகவல். அவர் பேசினால் யோசனை.

அன்று இரவு தூக்கம் வரவில்லை. ஆனால் அந்தக் குறிப்பு எனக்கு வாசிக்கக் கற்றுக்கொடுத்தது. ராமாமிர்தத்தின் நாவலைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் அதை ஒரு தேவதாசி வீட்டில் வளர்ந்தவரின் வாழ்க்கைச் சாட்சியமாகவே பார்க்கிறார்கள். அவர் பட்டார், எழுதினார் என்பதோடு முடித்துக்கொள்கிறார்கள். எனக்கோ அது ஒரு கணக்குப் புத்தகம் போலத் தெரிந்தது. தாசி வீட்டில் வரவு எங்கிருந்து வருகிறது, அதில் தாய்க்கு எவ்வளவு பிடி, மைனரின் சொத்து எந்த வழியாகக் கரைகிறது, சாமியின் பெயரைச் சொல்லி இதையெல்லாம் யார் நியாயப்படுத்துகிறார்கள் என்று ஒவ்வொன்றாகப் பிரித்துக் காட்டுகிறார். ஒழுக்கம் கெட்ட பெண்கள் என்று ஊர் திட்டியதை, கோயிலும் சொத்தும் ஜாதியும் சேர்ந்து நடத்தும் ஓர் ஏற்பாடாக மாற்றி எழுதுகிறார். இதை ஓர் ஆண் கட்டுரையாக எழுதியிருந்தால் சமூக ஆய்வு என்றிருப்போம்.

முத்துலட்சுமி ரெட்டிக்கும் இதே கதிதான். 'முதல் பெண்' என்பதைத் தாண்டி அவரைப் பற்றிப் போட்டித் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகளிடம் கேட்டுப்பாருங்கள். சென்னை மருத்துவக் கல்லூரி, சட்டமன்றம், துணைத்தலைவர் பதவி, அவ்வை இல்லம், அடையாறு புற்றுநோய் மருத்துவமனை என்று அடுக்குவார்கள். 1929-இல் இந்து அறநிலையச் சட்டத்தில் அவர் கொண்டுவந்த திருத்தம் என்ன என்று கேட்டால் பதில் வராது. பொட்டுக்கட்டிய பெண்கள் பலருக்குக் கோயில் இனாம் நிலம் இருந்தது. கோயிலில் ஊழியம் செய்கிற வரைக்கும்தான் அந்த நிலம் அவர்களுக்கு. ஊழியத்தை விட்டால் நிலமும் போகும். 'இந்தத் தொழிலை விட்டுவிடு' என்று அந்தப் பெண்ணிடம் சொல்வது, பட்டினி கிட என்று சொல்வதற்குச் சமம். முத்துலட்சுமியின் திருத்தம் முதலில் நிலத்துக்கும் ஊழியத்துக்கும் இருந்த முடிச்சை அவிழ்த்தது. ஊழியம் செய்யாவிட்டாலும் நிலம் அவளுக்கே என்று ஆக்கியது. பொட்டுக்கட்டுவதையே தடைசெய்யும் மசோதாவை அதன் பிறகுதான், 1930-இல் கொண்டுவந்தார். அதே ஆண்டு காந்தி கைதானதைக் கண்டித்துப் பதவி விலகினார். தடைச்சட்டம் நிறைவேற 1947 வரை ஆனது.

எந்த வீட்டில் பட்டா பெண்ணின் பெயரில் இருக்கிறதோ, அந்த வீட்டில் அவள் உட்கார்ந்து பேசுகிற தோரணையே வேறு. களவிசாரணைக்குப் போய்ப் போய் எனக்குத் தெரிந்தது இது. அதனால்தான் அந்தச் சட்டத் திருத்தம் எனக்கு வெறும் சட்டப்பிரிவாகத் தோன்றவில்லை. சொத்தை விடுவிக்காமல் ஆளை விடுவிக்க முடியாது என்ற தெளிவான அரசியல் கருத்து அதற்குள் இருக்கிறது. 1930-இல் அவர் ஆங்கிலத்தில் எழுதிய நூலுக்குச் சட்டமன்ற உறுப்பினராகத் தன் அனுபவம் என்றே தலைப்பு வைத்தார். அதனால் நாமும் அனுபவம் என்றே வாசித்துவிட்டோம்.

பெண்களின் சிந்தனையைத் தேடுகிறவர்கள் தத்துவ நூல் எங்கே என்று தேடக் கூடாது என்பது இதிலிருந்து நான் கற்ற பாடம். அது சட்டத்திருத்தமாக இருக்கும், நாவலாக இருக்கும், மாநாட்டுத் தீர்மானமாக இருக்கும். சில சமயம் மனுவாகவும் இருக்கும். முத்துலட்சுமியின் முயற்சியை எதிர்த்து 1927-இல் தேவதாசிகளே அரசுக்கு மனுக் கொடுத்தார்கள். பெங்களூர் நாகரத்தினம்மாள் அவர்களில் முன்னின்றவர். எங்கள் கலை, எங்கள் சொத்துரிமை, எங்கள் சமயம் ஆகியவற்றைப் பற்றி எங்களைக் கேட்காமல் எப்படி முடிவு செய்வீர்கள் என்பது அவர்கள் வாதத்தின் சாரம். எந்தப் பக்கம் நியாயம் என்பதில் எனக்கு ஒரு முடிவு உண்டு. நான் முத்துலட்சுமி பக்கம். ஆனால் சீர்திருத்தவாதிகளுக்கும் வைதீகர்களுக்கும் நடந்த சண்டையாக மட்டும் இதைப் படித்து வளர்ந்த எனக்கு, அந்த மனு ஒரு கதவைத் திறந்தது. இரண்டு பக்கமும் பெண்கள் இருந்திருக்கிறார்கள். இரண்டு பக்கமும் காரணம் சொல்லிப் பேசியிருக்கிறார்கள்.

அதன்பின் பலகையைப் பார்க்கும்போது அந்த வரிசையே விசித்திரமாகப் பட்டது. முதல் வரியில் ராமாமிர்தம், இரண்டாம் வரியில் மணியம்மையார். 1949-இல் பெரியார் மணியம்மையை மணந்தபோது, அதை ஏற்காமல் அவருடைய கழகத்திலிருந்து விலகித் தி.மு.க.வுக்குப் போனவர்களில் ராமாமிர்தமும் ஒருவர். அந்த மணியம்மையார், பெரியார் மறைந்த பிறகு 1978-இல் தான் இறக்கும்வரை திராவிடர் கழகத்தைத் தலைமையேற்று நடத்தினார். 1974-இல் பெரியார் திடலில், ராம லீலாவுக்கு எதிர்ப்பாக, இராவண லீலா நடத்தினார். ஓர் இயக்கத்தில் தலைவரின் சொந்த முடிவும் கொள்கையும் மோதும்போது எதன் பக்கம் நிற்பது? இந்த இரண்டு பெண்களும் இந்தக் கேள்விக்கு வேறு வேறு பதில் சொன்னவர்கள். பலகையில் அவர்கள் அடுத்தடுத்து நின்று சீதனம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள்.

தருமாம்பாள், தமிழாசிரியர்களுக்கு மட்டும் சம்பளம் குறைவாக இருந்ததை எதிர்த்து 'இழவு வாரம்' கொண்டாடப்போவதாக அறிவித்துப் போராடியவர். சத்தியவாணி முத்து தி.மு.க. ஆட்சியில் அமைச்சராக இருந்தவர். தாழ்த்தப்பட்டோர் நலன் கட்சியில் பின்னுக்குத் தள்ளப்படுகிறது என்று 1974-இல் பதவியை விட்டு வெளியேறி, தாழ்த்தப்பட்டோர் முன்னேற்றக் கழகம் கண்டார். 1979-இல் மத்திய அமைச்சரானார். ஆட்சியில் இருந்துகொண்டே ஆட்சியைக் கேள்வி கேட்டவரின் பெயரை நாங்கள் தையல் மெஷினில் ஒட்டிக் கொடுத்தோம். ஆண் தலைவர்கள் பெயரிலும் திட்டங்கள் உண்டுதான். ஆனால் அவர்களுடைய பேச்சும் எழுத்தும் தொகுதி தொகுதியாக எந்த நூலகத்திலும் கிடைக்கும். இவர்களில் பலருக்குத் திட்டம் மட்டுமே மிஞ்சியிருக்கிறது.

2022 செப்டம்பரில் அந்தத் திருமண உதவி, உயர்கல்வி உறுதித் திட்டமாக மாறியது. தொடங்கியபோது, அரசுப் பள்ளியில் ஆறு முதல் பன்னிரண்டு வரை படித்துக் கல்லூரிக்குப் போகும் பெண்ணுக்கு மாதம் 1,000 ரூபாய் என்பது விதி. புதுமைப் பெண் என்று பேச்சில் வழங்கினாலும் முழுப் பெயரில் ராமாமிர்தம் அம்மையார் இருக்கிறார். தாலியைவிடக் கல்லூரி அவருக்குப் பொருத்தமானது என்று நான் மகிழ்ந்தேன். கூடவே, அந்தப் பணம் வாங்கும் பிள்ளைகள் அவரைப் படிக்க வேண்டும் என்றும் தோன்றியது. ஓய்வுபெற்ற பிறகு கிளை நூலகத்தில் சில கல்லூரிப் பெண்களோடு அந்த நாவலை வாசிக்கத் தொடங்கினேன்.

அவர்கள் மெய்சிலிர்ப்பார்கள் என்று எதிர்பார்த்தேன். வரலாறு படிக்கிற ஒருத்தி எடுத்த எடுப்பிலேயே சண்டைக்கு வந்தாள். "இது என்ன மேடம்? மைனர் பாவம் ஏமாந்தவரு, தாசியும் அவ அம்மாவும் ராட்சசிங்க. காசு கொடுத்து வர்றவனைவிட அவங்கமேலதானே இவங்களுக்குக் கோபம்?" பக்கத்தில் இருந்தவள் விடவில்லை: "உள்ள இருந்து வந்தவங்கடி அவங்க. அந்த வீட்டு அம்மாக்கள் பிள்ளைங்களை என்ன பண்ணுவாங்கன்னு அவங்களுக்குத் தெரியாதா?" முதலாமவள் பணியவில்லை. "தெரிஞ்சதனால அது நியாயமாயிடுமா?" என்றாள். நாகரத்தினம்மாளின் மனுவைப் பற்றி அப்போதுதான் சொன்னேன். சண்டை இன்னும் பெரிதானது. நூலகர் வந்து சத்தத்தைக் குறைக்கச் சொன்னார்.

படிவத்தில் அந்தப் பெயரை எழுதிய ஆண்டுகளில் ஒருவரும் ராமாமிர்தத்தோடு சண்டை போட்டு நான் பார்த்ததில்லை. மாலை போட்டார்கள், விழா எடுத்தார்கள். அவர் சொன்னது தவறு என்று சொல்ல வேண்டுமானால், அவர் ஏதோ சொன்னார் என்பதை முதலில் ஒப்புக்கொண்டாக வேண்டும். அந்த மரியாதையை அவருக்குத் தந்தது, அவர் பெயரில் மாதம் 1,000 ரூபாய் வாங்குகிற இருபது வயதுப் பெண். அடுத்த கூட்டத்துக்கு 1929 திருத்தத்தைப் படித்துவிட்டு வரச் சொல்லியிருக்கிறேன். நிலம் இருந்தும் ஏன் தொழிலை விடாதவர்கள் இருந்தார்கள் என்று அவள் இப்போதே கேட்கத் தொடங்கிவிட்டாள். முத்துலட்சுமியையும் அவள் விடப்போவதில்லை.